சின்ன ரிஹெய்யின் முழங்கை

ஒரு சினிமாப் பத்திரிகையில் உசுகி ரிஹெய்யின் முகத்தைப் பெரிதாகப் போட்டு, ‘மனிதன் எங்கே முடிகிறான், எந்திரம் எங்கே ஆரம்பிக்கிறது என்று சொல்ல முடியாத முகம்’ என்று கீழே எழுதியிருந்தார்கள். படித்துவிட்டு வாய்விட்டுச் சிரித்தேன். அந்த முகம் என் கடையில் வருடக்கணக்காக உட்கார்ந்து, குழம்பில் கிடக்கும் காளானை ஒன்றுவிடாமல் பொறுக்கித் தட்டின் ஓரத்தில் ஒதுக்கிய முகம். சதுரங்கத்தில் எதிராளி மூக்கைச் சிந்துகிற நேரம் பார்த்துக் காயை நகர்த்திவிட்டு, ஒன்றும் அறியாததுபோல் கூரையைப் பார்த்த முகம். எந்த எந்திரம் இப்படிக் கள்ளாட்டம் ஆடும்? எழுதினவனுக்கு அது தெரியாது. பாவம், படித்தவன்.

நான் மித்சு. கமாதாவில் ரயில் பாலத்துக்கு அடியில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறேன். பகலில் சுற்றுவட்டாரத் தொழிற்சாலைகளுக்கு மதியச் சாப்பாட்டுப் பெட்டி கொண்டுபோய்க் கொடுப்பேன். பொழுது சாய்ந்தால் குடல் குழம்பு, சுட்ட மீன், சாராயம். டோக்கியோவில் எத்தனையோ பேர் கலை வளர்க்கிறார்கள், நான் வயிறு வளர்க்கிறேன். ஆனாலும் ரிஹெய்யைப் பற்றிப் பேச அந்தப் பத்திரிகைக்காரனைவிட எனக்கு யோக்கியதை அதிகம். அவன் பெண்டாட்டி கினுயே என் சிநேகிதி.

ரிஹெய் நிகாத்தா பக்கம் பனி கொட்டுகிற ஓர் ஊரில் மூன்றாவது மகனாகப் பிறந்தவன். மூத்தவனுக்கு நிலம், இரண்டாமவனுக்கு மூத்தவனின் பழைய சட்டை, மூன்றாமவனுக்கு ரயில் டிக்கெட். யுத்தம் முடிந்தபின் இங்கே வந்து மூட்டை தூக்கினான், கரி அள்ளினான். ஊரெல்லாம் ஃப்ரிட்ஜ் வாங்க ஆரம்பித்த காலத்தில், ஃப்ரிட்ஜ் கதவு செய்யும் ஒரு சின்னத் தொழிற்சாலையில் ஸ்ப்ரே கன்னைப் பிடித்தான். பிடித்தவன் விடவில்லை. அவன் அடித்த கதவில் முகம் தெரியும். அதைப் பார்த்து அவனே தலைவாரிக்கொள்வான். கர்வம் பிடித்த கழுதை.

கினுயே அதே இடத்தில் கொக்கி மாட்டும் வேலை. மேலே ஓடும் சங்கிலியில் கதவுகளைக் கொக்கி போட்டுத் தொங்கவிட வேண்டும். அவை நகர்ந்து வந்து ரிஹெய் முன்னால் நிற்கும், அவன் அடிப்பான். கொக்கிக் கூடை அவனுக்கு வலப்பக்கம், சங்கிலி தொடங்கும் இடம் இடப்பக்கம். நடுவில் அவன் முதுகுக்கும் சுவருக்கும் இடையே பூனை போகிற இடம்கூட இல்லை. அதனால் கினுயே அவன் முன்பக்கமாகத்தான் போய் வருவாள். என் தோள் உயரம்கூட இல்லாத பெண். முகத்தில் பெயின்ட் பொட்டுப் பொட்டாகத் தெறித்திருக்க, அப்படியே என் கடைக்கு வந்து டோஃபு சாப்பிட்டுவிட்டுப் போவாள்.

இந்த ரிஹெய் அவளிடம் ஒரு நல்ல வார்த்தை பேசி நான் கேட்டதில்லை. அவளை “ஏய்” என்றுதான் கூப்பிடுவான். அவளுக்குப் பெயர் என்று ஒன்று இருப்பது அவனுக்குத் தெரியுமா என்றே எனக்குச் சந்தேகம் உண்டு. ஒரு புதுவருடத்துக்கு அவள் தலையைச் சுருட்டிவிட்டுக்கொண்டு, வெட்கமும் சிரிப்புமாக வந்து அவன் பக்கத்தில் உட்கார்ந்தாள். கடையே திரும்பிப் பார்த்தது. இவன் பார்த்துவிட்டு, “ஏய், கடுகை இந்தப் பக்கம் தள்ளு” என்றான். அன்றைக்கு அந்தக் கடுகு விழுதுக் கிண்ணத்தை அவன் தலையில் கவிழ்க்காமல் விட்டதற்கு இன்றும் வருந்துகிறேன்.

அவள் வயிற்றுப் புற்றுநோயில் செத்தாள். கம்பெனியிலிருந்து தகனத்துக்கு வந்தவன் பெயின்ட் பிரிவின் தலைவன் ஓகுரா ஒருவன்தான். அவனும் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடியே ஊதுவத்தி ஏற்றினான். ரிஹெய் அழவில்லை. சாம்பலைப் பெட்டியில் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போனவன், மறுநாள் வேலைக்குப் போய்விட்டான். “கல்லுச் சாமியே, ஒரு சொட்டு கண்ணீராவது விடுய்யா” என்று திட்டினேன். காளானைப் பொறுக்கிக்கொண்டே, “அழுதா வந்துடுவாளா?” என்றான்.

அடுத்த வருடம் பெயின்ட் அடிக்கிற எந்திரக் கை ஒன்று வந்தது. இன்றைக்குப் போலப் பொத்தானைத் தட்டிச் சொல்லிக்கொடுக்கிற எந்திரம் இல்லை அது. நல்ல பெயின்டர் ஒருவன் அதன் கையைப் பிடித்து, தான் அடிப்பதுபோலவே ஒருமுறை அடித்துக் காட்ட வேண்டும். அந்த ஒருமுறையை அது மனசில் வைத்துக்கொண்டு, ஆயுசுக்கும் அதையே செய்யும். காட்டிக்கொடுக்க ரிஹெய்யைத்தான் கூப்பிட்டார்கள். ஷிண்டோ பூசாரி வந்து உப்பு தூவி, சாராயம் படைத்து, எந்திரத்தின் கழுத்தில் கயிறு கட்டி மந்திரம் சொன்னார். பெரிய கம்பெனிகளில் எந்திரத்துக்குப் பாட்டுக்காரிகள் பெயரை வைத்தார்கள். நம் முதலாளி ‘சின்ன ரிஹெய்’ என்று வைத்தார். பெரிய ரிஹெய்க்கு மார்பு இரண்டங்குலம் விரிந்தது. தன் கழுத்துக்குத் தானே கத்தி தீட்டிக் கொடுத்துவிட்டு, கத்தி பளபளக்கிறதென்று பெருமைப்படுகிற ஆளை அன்றுதான் பார்த்தேன். அடுத்த மாதமே அவனைக் கொண்டுபோய் வாசல் காவலுக்கு நிறுத்திவிட்டார்கள்.

ஆனால் அதற்கு முன்னால், எந்திரத்தை முதல்முறை ஓட்டிக் காட்டிய நாளில் ஒன்று நடந்தது. எல்லோரும் வரிசையாக நின்றார்கள். சாப்பாட்டுப் பெட்டியோடு நானும் நின்றேன். சின்ன ரிஹெய் கதவில் ஒரு இழுப்பு இழுத்தது, மறு இழுப்பு இழுத்தது. மூன்றாவது இழுப்பு முடிந்ததும் ஸ்ப்ரேயை நிறுத்திவிட்டு, முழங்கையை விரித்துக் கையைத் தலைக்கு மேல் தூக்கியது. ஒரு மூச்சு நேரம் அப்படியே நின்றது. பிறகு கையை இறக்கி, விட்ட இடத்திலிருந்து அடித்தது. அடுத்த கதவு வந்தது. மூன்றாவது இழுப்பு முடிந்ததும் மறுபடி கை மேலே போனது.

“ரிஹெய் அண்ணே, இது என்ன கோமாளித்தனம்?” என்றான் ஓகுரா.

“எனக்கென்ன தெரியும்? நான் அப்படிப் பண்றதே இல்லையே” என்றான் ரிஹெய். நிஜமாகவே முழித்தான்.

கொக்கி மாட்டும் பெண்களில் மூத்தவள் ஒருத்தி பின்னாலிருந்து சொன்னாள்: “பண்ணுவீங்கண்ணே. தினம் பண்ணுவீங்க. கினுயே கூடையைத் தூக்கிட்டு இந்தப் பக்கம் போறதுக்குக் கை தூக்குவீங்க. அவ குனிஞ்சு, ‘மன்னிக்கணும்’னு சொல்லிட்டு அடியில போவா. அவ செத்தப்புறமும் நீங்க தூக்கிட்டுத்தான் இருந்தீங்க. சொன்னா கோவிச்சுக்குவீங்கன்னு நாங்க யாரும் சொல்லல.”

சின்ன ரிஹெய் பாட்டுக்குக் கையைத் தூக்கித் தூக்கி இறக்கிக்கொண்டிருந்தது.

அன்று மாலை அவன் கடைக்கு வந்து, ஊற்றிய சாராயத்தைத் தொடாமல் உட்கார்ந்திருந்தான்.

“அக்கா, நான் அவளுக்குக் கை தூக்கி வழி விட்டிருக்கேனாம்.”

“யாரு, நீயா? கடுகைத் தள்ளுன்னு சொன்ன வாயா?”

“நான் சொல்லல. எந்திரம் சொல்லுது.”

அப்புறம்தான் அழுதான். பலகையில் தலையை முட்டிக்கொண்டு, பக்கத்திலிருந்தவன் தட்டு நகர்கிற அளவுக்கு அழுதான். எனக்குக் கோபம் வந்தது. இருபது வருடக் குடித்தனத்தில் அவளுக்கென்று அவன் செய்த ஒரே நல்ல காரியம் அவனுக்கே தெரியாமல் நடந்திருக்கிறது. அவனை நம்பவைக்க ஒரு எந்திரம் சாட்சி சொல்ல வேண்டியிருந்தது.

அந்த ஒரு மூச்சு நேரம் வீண் என்று ஓகுரா முணுமுணுத்தான். ஆனால் மறுபடி ஆரம்பத்திலிருந்து சொல்லிக்கொடுத்தால் பெயின்ட் இவ்வளவு சுத்தமாக விழுமோ விழாதோ என்று பயந்து விட்டுவிட்டான். சின்ன ரிஹெய் கை தூக்குவது வழக்கமாகிப் போனது. சட்டப்படி எந்திரத்தைச் சுற்றிக் கம்பிவேலி போட வேண்டும். நம் ஆட்கள் ஒரு மஞ்சள் கயிற்றைக் கட்டினார்கள், அதுவும் ஒரு வாரத்தில் அறுந்தது. கொக்கிக் கூடையும் சங்கிலியும் பழைய இடத்திலேயே இருந்ததால், பெண்கள் எந்திரம் கை தூக்குகிற நேரம் பார்த்துக் குனிந்து, ‘மன்னிக்கணும்’ சொல்லி அடியில் போய்வந்தார்கள். புதிதாகச் சேரும் பெண்ணுக்கு முதல் பாடமே அதுதான். வாசல் காவல்காரன் ரிஹெய் ஏதாவது பார்சலைச் சாக்கு வைத்துக்கொண்டு பெயின்ட் பிரிவுக் கதவருகே வந்து நின்று அதைப் பார்ப்பான். தினமும் பார்ப்பான். ஓகுரா விரட்டினால் போவான்.

இப்படி ஏழெட்டு வருடம் ஓடின. எந்திரத்துக்கு வயதாகி எண்ணெய் கக்க ஆரம்பித்தது. புது எந்திரம் வாங்கப்போகிறார்கள், பழையதை இரும்புக்குப் போடப்போகிறார்கள் என்ற செய்தி வந்ததும் ரிஹெய் சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டான். இந்தச் சமயத்தில்தான் அந்த மகானுபாவன் என் கடைக்குள் நுழைந்தான்.

ஷிராகாமி ரெய்ஜி. வயது முப்பது இருக்கும். கறுப்புச் சட்டை, கறுப்புக் கால்சட்டை, கடைக்குள்ளேயும் கறுப்புக் கண்ணாடி. குடல் குழம்பைக் குச்சியால் கிளறிப் பார்த்துவிட்டு, “அம்மா, இது நிஜம். இது ரொம்ப நிஜம்” என்றான். குழம்பு பின்னே பொய்யாகவா இருக்கும்? அப்பா பல் டாக்டர், குன்றின்மேல் பெரிய வீடு. பையன் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, கதை இல்லாத சினிமா எடுக்கிறான். மனிதன் இரும்பாகவும் இரும்பு மனிதனாகவும் மாறுகிற படம், பெயர் ‘பூஜ்ஜிய உடல்’. பெயரின் முதல் பாதி பொருத்தமாகத்தான் இருந்தது.

தொழிற்சாலைக்குள் கேமரா கொண்டுபோகக் கூடாது. ஆனால் முதலாளியின் பல்செட் இவன் அப்பா கட்டிக்கொடுத்தது. முதலாளி பல்லெல்லாம் தெரியச் சிரித்து அனுமதி கொடுத்தார். எந்திரத்தைப் பார்க்க வந்தவனுக்கு வாசலில் ரிஹெய் கிடைத்தான். இரண்டுக்கும் பெயர் ஒன்றே, வேலை ஒன்றே, அது இரும்பு, இது சதை. ரெய்ஜிக்குக் கால் தரையில் பாவவில்லை.

“பெரியவரே, உங்களுக்குள்ள எல்லை அழிஞ்சுபோச்சு. உங்க ஆத்மா அதுக்குள்ள போயிடுச்சு. இப்ப நீங்கதான் வெறும் கூடு!” என்றான் என் கடையில் வைத்து.

“கூட்டுக்கு இன்னொரு கோப்பை ஊத்து அக்கா” என்றான் ரிஹெய். குடித்துவிட்டு, “நடிக்கிறேன் தம்பி. எனக்குச் சம்பளம் கிம்பளம் வேணாம். சின்ன ரிஹெய் கை தூக்கும் பாரு, அது மட்டும் படத்துல இருக்கணும். அதை இரும்புக்குப் போட்டப்புறமும் நான் வந்து பார்க்கணும்.”

“அதெல்லாம் வரும் பெரியவரே. எல்லாமே வரும்.”

ஏன் என்று அவன் கேட்கவில்லை. இவனும் சொல்லவில்லை. ‘என் பெண்டாட்டிக்காகத் தூக்குகிற கை’ என்று நாலு வார்த்தை வாயைத் திறந்து சொல்லித் தொலைத்திருக்கலாம். வெட்கமாம். அறுபதை நெருங்குகிற கிழவனுக்கு வெட்கம். நான் சொல்லப் போனேன், பலகைக்கு அடியில் என் காலை மிதித்தான்.

படப்பிடிப்பு நடந்த கூத்தைக் கேட்டால் சிரிப்பதா அழுவதா தெரியாது. மதியம் பெட்டி கொண்டுபோகும்போதெல்லாம் பார்த்தேன். காலையில் வந்ததும் ரெய்ஜியும் அவன் ஆட்களும் கேமராவுக்குக் குனிந்து வணக்கம் சொல்வார்கள். அதற்கு ஒரு பட்டு மெத்தை, பக்கத்தில் ஒரு ஆரஞ்சுப் பழம். வெயில் ஏறினால் ஈரத்துணி போர்த்தி, மின்விசிறியை அதன் பக்கம் திருப்புவார்கள். “அவளுக்குச் சூடு ஆகாது” என்பான் ரெய்ஜி. கேமரா ‘அவள்’. ரிஹெய்யை ‘அது’ என்று சொல்லவில்லை, அதுவரை புண்ணியம். அவன் முகத்தில் வெள்ளிப் பூச்சு பூசி, உடம்பெல்லாம் தகரத்தையும் வயரையும் தூசி உறிஞ்சும் பழைய எந்திரத்தின் குழாயையும் டேப் போட்டு ஒட்டி நிறுத்துவார்கள். கையை ஒரு விரற்கடை நகர்த்தச் சொல்லி ஒரு படம், இன்னொரு விரற்கடை நகர்த்தி இன்னொரு படம். ஓட்டிப் பார்த்தால் எந்திரம்போல் வெட்டி வெட்டி நகருமாம்.

“கண்ணைச் சிமிட்டாதீங்க பெரியவரே! நீங்க எந்திரம்!”

“எந்திரத்துக்கு மூத்திரம் வருது தம்பி.”

“பொறுத்துக்குங்க. ஒட்டினதைப் பிரிச்சா மறுபடி ஒட்ட அரைநாள் ஆகும்.”

அந்தப் பக்கம் சின்ன ரிஹெய்க்கு வேறு உபசாரம். அது மனிதனாகத் தெரிய வேண்டுமாம். அதன்மேல் சொட்டுச் சொட்டாகச் சர்க்கரைத் தண்ணீர் தெளித்து வியர்வை வைத்தார்கள். இந்தப் பக்கம் ஒருத்தன் நின்று ரிஹெய்யின் நெற்றி வியர்வையைத் துணியால் ஒற்றிக்கொண்டே இருந்தான். எந்திரத்துக்கு வியர்வை தெளிக்கிறார்கள், மனிதனின் வியர்வையைத் துடைக்கிறார்கள். இதற்குப் பெயர் கலை. நான் அந்தத் துடைக்கிற பையனைப் பிடித்து, “ஏண்டா, இதைத் துடைச்சு அதுமேல தடவிட்டா வேலை சுலபமாச்சே” என்றேன். அவன் ஓடிப்போய் அதை ரெய்ஜியிடம் சொல்ல, ரெய்ஜி என்னைக் கும்பிட்டு, “அம்மா, நீங்க ஒரு கவி” என்றான். குரங்கு கையில் பூமாலை கொடுத்தால் பிய்த்துத்தான் போடும். இவனிடம் கேலியைக் கொடுத்தால் அதையும் தத்துவம் ஆக்கிவிடுவான்.

எப்படியோ சின்ன ரிஹெய் கை தூக்குவதைப் பலமுறை எடுத்தார்கள். அதை நான் என் கண்ணால் பார்த்தேன். ரிஹெய் தகரத்துக்குள்ளிருந்து பார்த்துக்கொண்டு நின்றான். வெள்ளிப் பூச்சில் ஒரு கோடு இறங்கியது. “கட்! கண்ணீர் வேண்டாம், எந்திரம் அழாது!” என்று கத்தினான் ரெய்ஜி.

எந்திரத்தை ஓய்வுக்கு அனுப்பிய நாளில் கம்பெனி அதற்குச் சாவுச் சடங்கு நடத்தியது. முறிந்த ஊசிக்கும் பழைய பொம்மைக்கும் கோயிலில் கும்பிடு போட்டு அனுப்புகிற ஊர்தான் இது. நானும் என் கடைக் கத்தி முறிந்தபோது கொண்டுபோயிருக்கிறேன். ஆனால் இது வேறு தினுசு. இரண்டு புத்த குருமார் வந்து சூத்திரம் ஓதினார்கள். முதலாளி கறுப்புக் கோட்டில் வந்து, ‘ஒருநாளும் விடுப்பு எடுக்காத ஊழியர்’ என்று தழுதழுத்தார். யாரோ ஒரு புத்திசாலி, சின்ன ரிஹெய்க்குச் சொந்தம் என்று பார்த்தால் பெரிய ரிஹெய்தான் என்று சொல்லி, அவனை முன்வரிசையில் துக்கக்காரன் இடத்தில் உட்கார வைத்துவிட்டான். தொழிற்சாலை முழுவதும் வரிசையாக வந்து ஊதுவத்தி வைத்துவிட்டு அவனுக்குக் குனிந்து வணங்கியது. “உங்க இழப்புக்கு ரொம்ப வருத்தம்” என்றான் ஓகுரா, இந்த முறை கடிகாரத்தைப் பார்க்காமல். ரிஹெய் எல்லோருக்கும் பதிலுக்குக் குனிந்து வணங்கினான்.

உயிரோடிருந்தபோது ஒரு வாய் கஞ்சி ஊற்றாதவன் செத்தபின் பசுவைத் தானம் செய்த கதையைக் கேட்டிருக்கிறேன். இவர்கள் அதையும் மிஞ்சினார்கள். அங்கே உட்கார்ந்து எனக்கு ஒரே நினைப்புதான். கினுயே செத்தபோது எங்கே போயிருந்தீர்கள், படுபாவிகளா? எழுந்து கேட்டிருப்பேன். ரிஹெய்யின் முகத்தைப் பார்த்ததும் விட்டுவிட்டேன். பெண்டாட்டிக்கு வராத கூட்டம் இப்போதாவது வந்ததே என்று அவன் நினைத்துக்கொண்டிருக்கிறான் என்று தோன்றியது. அவன் கினுயேவுக்காகத்தான் குனிந்துகொண்டிருந்தான்.

பிறகு லாரி வந்து சின்ன ரிஹெய்யை ஏற்றிக்கொண்டு போனது. “பரவாயில்ல அக்கா, படத்துல இருக்குல்ல” என்றான்.

படம் இலையுதிர் காலத்தில் ஷின்ஜுகுவில் ஒரு நிலவறைக் கொட்டகையில் ஓடியது. ரிஹெய் தன் ஒரே கோட்டைப் போட்டுக்கொண்டு, தலைக்கு எண்ணெய் வைத்து வந்தான். கூடப் போனேன். ரெய்ஜியைப் போலவே கறுப்பு உடுத்திய பிள்ளைகள் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். விளக்கு அணைந்ததும் தகர டப்பாவை அடிக்கிற சத்தம் ஒன்று ஆரம்பித்துக் கடைசிவரை ஓயவில்லை. அதுதான் இசையாம். திரையில் ரிஹெய்யின் வெள்ளி முகம், எந்திரத்தின் மூட்டு, ரிஹெய்யின் கழுத்து, எண்ணெய், குழாய். சின்ன ரிஹெய் கதவில் இழுத்தது. ஒன்று, இரண்டு, மூன்று. நான் ரிஹெய்யைத் திரும்பிப் பார்த்தேன். அவன் முன்னால் சாய்ந்து உட்கார்ந்திருந்தான்.

கை மேலே போகவில்லை. மூன்றாவது இழுப்பு முடிந்த இடத்தில் ‘டக்’கென்று தாவி நான்காவது இழுப்பு வந்தது. அடுத்த கதவு. மறுபடி ஒன்று, இரண்டு, மூன்று, தாவல். இருட்டில் என் பக்கத்தில் ரிஹெய்யின் முழங்கை மட்டும் மேலே போய், முன்னால் இருந்த பெண்ணின் தலையில் இடித்தது. அடுத்த கதவுக்கும் போனது. அவன் மன்னிப்புக் கேட்டுக் கையை மடியில் அமுக்கி வைத்துக்கொண்டான். அந்தக் கை வராமலே போகும் என்று படம் முடியும்வரை அவன் நம்பவில்லை. விளக்கு போட்டபிறகும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

ரெய்ஜி அவனை மேடையேற்றினான். மூக்குக்கண்ணாடி போட்ட ஒருவன் எழுந்து, “ஐயா, எந்திரமா மாறின அந்தக் கணத்துல உங்களுக்குள்ள என்ன நடந்தது?” என்று கேட்டான்.

“மூத்திரம் வந்துச்சு” என்றான் ரிஹெய்.

ஒருவரும் சிரிக்கவில்லை. அந்த மூக்குக்கண்ணாடிதான் பிற்பாடு பத்திரிகையில் எழுதியது.

வெற்றியைக் கொண்டாட ரெய்ஜி கூட்டத்தோடு என் கடைக்கே வந்து சேர்ந்தான். ரிஹெய் அவன் கோப்பை நிறையும்வரை காத்திருந்துவிட்டுக் கேட்டான். “தம்பி, அந்தக் கை தூக்குறது வரலையே?”

“எது? ஓ, அதுவா? எடிட்டிங்ல தூக்கிட்டேன் பெரியவரே. ஒவ்வொரு தடவையும் தாளம் தடுக்குது. எந்திரம் என்னவோ தயங்கற மாதிரி இருக்கு. பார்க்கறவங்க ஏதோ ரிப்பேர்னு நெனைப்பாங்க.”

“வெட்டின துண்டு இருக்கா?”

“குப்பையில போயிருக்கும்.”

“நெகட்டிவ்?”

“இந்த ஃபிலிமுக்கு நெகட்டிவே கிடையாது. எடுத்ததுதான் படம். வெட்டினா போச்சு. ஏன், அதுல என்ன?”

ரிஹெய் தட்டிலிருந்த காளானை எடுத்தான். ஓரத்தில் வைக்காமல் வாயில் போட்டு மென்று விழுங்கினான். தான் என்ன தின்கிறோம் என்றே அவனுக்குத் தெரியவில்லை.

“அதுலயா? அதுல இவன் பெண்டாட்டி இருந்தாடா!” என்றேன். “எந்திரமும் மனுஷனும் ஒண்ணாப் போச்சுன்னு ஊரெல்லாம் தம்பட்டம் அடிச்சியே, நிஜமா ஒண்ணாப் போன ஒரே இடம் அதுதான். அதை ரிப்பேர்னு வெட்டிக் குப்பையில போட்டுட்டு வந்து, என் கடையில குடிக்கிறியா?” முழுக் கதையையும் சொன்னேன். ரிஹெய் காலை மிதித்தான், நான் நிறுத்தவில்லை.

ரெய்ஜி கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினான். ஒரு நிமிடம் அவன் முகம் சின்னப் பிள்ளை முகமாக இருந்தது. சரி, மனசில் உறைத்துவிட்டது என்று நினைத்தேன். அவன் சொன்னான்: “பெரியவரே, இதை ஏன் முன்னாலயே சொல்லல? என்ன அருமையான விஷயம்! அடுத்த படத்துல மறுபடி எடுத்துடலாம். தகரத்துலயே ஒரு கை பண்ணி...”

கதவைத் திறந்து அவனையும் அவன் கூட்டத்தையும் தெருவில் தள்ளினேன். பீடை திரும்பி வரக் கூடாதென்று ஒரு கை உப்பை அள்ளி வாசலில் எறிந்தேன். ஒரு கை போதவில்லை, பாத்திரத்தோடு கொட்டினேன்.

அதன்பிறகு ரிஹெய் கடைக்கு வருவதைக் குறைத்தான். வந்தாலும் சதுரங்கத்தில் ஒழுங்காக ஆடித் தோற்றான். அதைப் பார்க்கச் சகிக்கவில்லை.

பனி விழ ஆரம்பித்த ஒரு மதியம், சாப்பாட்டுப் பெட்டிகளோடு பெயின்ட் பிரிவுக்குப் போனேன். புது எந்திரம் வெள்ளையாக, சத்தமில்லாமல் அடித்துக்கொண்டிருந்தது. அதைச் சுவரோரம் தள்ளி வைத்து, ஒழுங்காகக் கம்பிவேலியும் போட்டிருந்தார்கள். முன்னால் ஒரு வண்டி போகிற அளவு இடம். ஒன்றைப் பார்த்தேன். பார்த்ததும் பெட்டிகளைக் கீழே வைக்காமல் அப்படியே வாசலுக்குத் திரும்பி ஓடினேன்.

“யோவ் ரிஹெய், பெட்டி கனக்குது. வந்து தூக்கு.”

“உள்ள வரக்கூடாதுன்னு ஓகுரா சொல்லியிருக்கான்.”

“ஓகுராவுக்குச் சோறு வேணுமா வேணாமா? தூக்குய்யா.”

பெட்டி அடுக்கை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு முணுமுணுத்தபடி வந்தான். கதவருகே அவனை நிறுத்தினேன்.

இருபது வயது இருக்கும், கோடையில் வேலைக்குச் சேர்ந்த பெண். கொக்கிக் கூடையோடு வந்தாள். பழைய எந்திரம் நின்ற இடத்துக்கு நேராக வந்ததும் தலையைத் தாழ்த்தி, முதுகை வளைத்து, “மன்னிக்கணும்” என்று முனகிக்கொண்டு அந்தப் பக்கம் போனாள். அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி வந்தாள். அவளும் அதே இடத்தில் குனிந்து, “மன்னிக்கணும்” என்றாள். தலைக்கு மேல் ஒன்றுமே இல்லை.

ரிஹெய் ஓர் அடி முன்னால் போனான். “ஏம்மா, எதுக்குக் குனியறே?” என்று அந்த முதல் பெண்ணைக் கேட்டான்.

“இங்க குனிஞ்சுதான் போகணும் தாத்தா. சேர்ந்த அன்னிக்கே சொல்லிக் குடுத்தாங்க.”

“மேல ஒண்ணுமில்லையே?”

அவள் அண்ணாந்து பார்த்தாள். “அட, ஆமா!” என்று சிரித்தாள். கூடையை நிரப்பிக்கொண்டு திரும்பி வந்தவள், அந்த இடத்தில் மறுபடி குனிந்தாள்.

அவள் குனிந்த அதே நேரம் ரிஹெய்யின் வலது முழங்கை விரிந்து மேலே போனது. ஏந்தியிருந்த அடுக்கு சரிந்து, மேல்பெட்டி ஒன்று தரையில் விழுந்து சோறும் காளானும் சிதறின. அவன் அதைப் பார்க்கவில்லை. அந்தப் பெண் போய் மறைகிறவரை கையை இறக்கவும் இல்லை.

“கினுயே போறா அக்கா” என்றான்.

அவன் வாயிலிருந்து அந்தப் பெயரை அன்றைக்குத்தான் கேட்டேன். நான் ஏப்ரன் நுனியை வாயில் அடைத்துக்கொண்டு நின்றேன்.

சத்தம் கேட்டு ஓகுரா ஓடிவந்து, யார் சாப்பாட்டை யார் இப்படிக் கொட்டியது என்று கத்தினான். “உன் சாப்பாடுதான்” என்றேன்.